நாற்பத்தைந்து நிமிடம்

தொழிற்சாலையில் எல்லோரும் அவளை 'டிகிரி' என்றுதான் கூப்பிட்டார்கள். அவள் பட்டம் எதுவும் வாங்கியவள் இல்லை; கல்லூரிப் பக்கம் ஒதுங்கியதுகூட இல்லை. எந்தச் சாப்பாட்டை முன்னால் கொண்டுவந்து வைத்தாலும் "நடுவுல எத்தனை டிகிரி?" என்று கேட்டுவிட்டுத்தான் அடுத்த பேச்சுப் பேசுவாள். அதனால் ஒட்டிக்கொண்ட பெயர்.

சமைத்து உறைய வைத்த சாப்பாட்டைப் பெட்டியில் அடைத்து விற்கிற தொழிற்சாலை அது. வாங்குகிறவர்கள் வீட்டில் அதை எப்படிச் சூடாக்குவார்களோ அப்படியே சூடாக்கிப் பார்ப்பது அவள் வேலை. அதற்கென்று கட்டடத்தின் பின்புறம் ஒரு சமையலறையும் மூன்று ஓவன்களும் இருந்தன. ஒன்று புத்தம் புதியது. ஒன்று மேசை மேல் வைக்கிற சின்னது. மூன்றாவது யாரோ வீடு மாறும்போது கழித்துப் போட்டது. அதன் கதவு இறுக மூடாது, குமிழில் எண்கள் தேய்ந்து போயிருக்கும். "பாதிப் பேர் வீட்ல இருக்கறது இந்த மாதிரிதான்" என்று மல்லுக்கு நின்று அவள்தான் அதை அங்கே கொண்டுவர வைத்தாள்.

குடும்பப் பெட்டி என்று ஒன்றரைக் கிலோவில் கோழி லசானியா ஒன்று போடலாம் என்று முடிவானபோது, மூன்று வாரம் அவள் அதனோடு மாரடித்தாள். மாவுத் தகடு, கொத்திய கோழி, தக்காளிச் சாஸ், பால் சாஸ், மறுபடி தகடு என்று உள்ளங்கை உயரத்துக்கு அடுக்கியிருந்தார்கள். கோழி வறண்டுவிடக் கூடாது என்பதற்காகத் தொழிற்சாலையில் அதை முக்கால் வேக்காட்டில் இறக்கிவிடுவார்கள். மீதி வேக்காடு வாங்குகிறவர் வீட்டு ஓவனில்தான். அதனால் நேரம் ரொம்ப முக்கியம். ஒவ்வொரு தட்டிலும் ஐந்து இடத்தில் வெப்பமானி ஊசியைக் குத்தி, ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை எண்ணைக் குறித்தாள். ஓரம் கொதித்துப் பொங்கும்போதும் நடு மட்டும் பனிக்கட்டியாகவே கிடந்தது. கடைசியில் கண்டுபிடித்தாள்: அலுமினியத் தாளால் மூடி ஒரு மணி நேரம், தாளை எடுத்துவிட்டு இருபது நிமிடம். மொத்தம் எண்பது. அதற்கு ஒரு நிமிடம் குறைந்தாலும் பழைய ஓவனில் நடு வேகவில்லை.

இரண்டு பக்க அறிக்கையைத் தட்டச்சு செய்து, இரண்டாம் பக்கத்தின் அடியில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தாள். பெட்டி அச்சடிப்பது வேறு ஆட்களின் வேலை. அவள் அடுத்ததாகக் காளான் சூப்புக்குப் போய்விட்டாள்.

இரண்டு மாதம் கழித்து ஒரு சனிக்கிழமை. அவளுக்கு வேலை நாள். பேருந்து ஓட்டுநரான அவள் கணவனுக்கு விடுமுறை. வீட்டில் மாமியார் இருந்தாள். முப்பது வருடம் ஒரு வக்கீல் அலுவலகத்தில் தட்டச்சு செய்து ஓய்வு பெற்றவள், வாயும் அந்த இயந்திரம் மாதிரிதான், நிற்காது. அந்த வாரம்தான் கீழ்வரிசையில் மூன்று பல்லைப் பிடுங்கியிருந்தார்கள். மெல்ல முடியாது. நான்கு நாளாக சூப்பும் தயிரும் குடித்துக் குடித்து, "என்னை என்ன கைக்குழந்தைன்னு நினைச்சுட்டீங்களா? ஏதாவது திங்கற மாதிரி குடுங்கடா" என்று காலையிலேயே ஆரம்பித்துவிட்டாள்.

மகன் கடைக்குப் போனான். உறைசாமான் அலமாரியில் அந்த லசானியாப் பெட்டியைப் பார்த்ததும் அவனுக்கு ஒரே சந்தோஷம். மனைவி மூன்று வாரம் வீட்டுக்கு வந்து புலம்பிக்கொண்டே இருந்தாளே, அந்தச் சாமான். மெத்தென்று இருக்கும், மெல்லவே வேண்டாம். பக்கத்தில் நின்ற முன்பின் தெரியாத ஒருவரிடம்கூட, "இது என் வீட்டுக்காரி டெஸ்ட் பண்ணது" என்று சொல்லிவிட்டுத்தான் கூடையில் போட்டான்.

அவனுக்குச் சமையல் அவ்வளவாக வராது. ஆனால் சொன்னதைச் சொன்னபடி செய்கிறவன். தினமும் நிமிடம் பார்த்து வண்டி எடுக்கிற கை. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பெட்டியின் பின்பக்கத்தை இரண்டு முறை படித்தான். ஓவனை முன்கூட்டியே சூடாக்கினான். மேலே இருந்த தாளை எடுக்காமல் உள்ளே வைத்தான். முப்பதாவது நிமிடம் தாளை உரித்தான். நாற்பத்தைந்தாவது நிமிடம் வெளியே எடுத்தான். எல்லாம் பெட்டியில் இருந்தபடியே. சீஸ் பொன்னிறமாக உப்பி, ஓரமெல்லாம் குமிழியிட்டுக்கொண்டிருந்தது.

ஓரத்துத் தகடுகள் மொறுமொறுவென்று இருந்ததால் அதைத் தனக்கு வைத்துக்கொண்டு, மிருதுவாக இருந்த நடுத் துண்டை அம்மாவுக்கு வெட்டிக் கொடுத்தான்.

"என்னடா, நடுவுல ஜில்லுன்னு இருக்கு?" என்றாள் மாமியார்.

"சூடா இருந்தா பல்லுப் புண்ணுல படும்மா. இதமா இருக்கறது நல்லதுதான்."

அதுவும் சரிதான் என்று அவளுக்குப் பட்டது. நான்கு நாள் பசி. இன்னொரு துண்டும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டாள்.

ஞாயிறு மத்தியானம் வயிற்றைப் பிடித்தது. சாயங்காலத்துக்குள் பத்து முறை போய்வந்தாள். திங்கள்கிழமை காலையில் கழிப்பறை வாசலிலேயே மயங்கிச் சரிந்தாள். மகனும் மருமகளும் ஆளுக்கொரு பக்கம் தாங்கி, டாக்சி பிடித்து ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். கை நரம்பு கிடைக்காமல் நர்ஸ் மூன்று இடத்தில் குத்தினாள். பேசாமல் ஒரு நிமிடம் இருக்க மாட்டாத மாமியார் கண்ணைத் திறக்காமல் கிடந்தாள்.

டாக்டர் கேட்ட முதல் கேள்வி: "சரியா வேகாத கோழி ஏதாவது சாப்பிட்டாங்களா?"

கணவன் லசானியாவைப் பற்றிச் சொன்னான். சொல்லும்போதே மருமகளின் முகம் மாறியது.

அதே நேரம் நாத்தனார் வந்து சேர்ந்தாள். தம்பியைவிட ஆறு வயது மூத்தவள், பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். வராந்தாவில் பத்துப் பதினைந்து பேர் உட்கார்ந்திருந்தார்கள். அவள் குரலைத் தணிக்கவில்லை.

"ஒரு பெட்டியைச் சூடு பண்ணத் தெரியாதாடா உனக்கு? நாற்பத்தாறு வயசாச்சு! அம்மாவைக் கொன்னுட்டா அப்புறம் உக்காந்து அழுவியா?"

"அக்கா, பெட்டியில போட்டிருக்கறபடிதான்..."

"ஆமா, பெட்டி மேல பழியைப் போடு."

மனைவியாவது தன் பக்கம் பேசுவாள் என்று அவன் திரும்பிப் பார்த்தான். அவளோ நாத்தனாரைவிட மேலே போனாள்.

"பொய் சொல்லாதீங்க. அதுல நேரம் குறிச்சுக் குடுத்ததே நான். எண்பது நிமிஷம்! அதை அப்படியே வெச்சிருந்தா கல்லுகூட வெந்திருக்கும். மேல சீஸ் செவந்ததும் போதும்னு எடுத்திருப்பீங்க. எதுலயும் ஒரு அவசரம், ஒரு அரைகுறை. என் சாமானையே என் வீட்ல வேகாம போட்டு, எங்க மாமியாரையே படுக்க வெச்சுட்டீங்களே, நாளைக்கு நான் எந்த முகத்தோட வேலைக்குப் போறது?"

வராந்தாவே வேடிக்கை பார்த்தது. ஒரு கிழவர் அவனைப் பார்த்து இரக்கத்தோடு தலையாட்டினார். அதுதான் அவனுக்கு எல்லாவற்றையும்விட அவமானமாக இருந்தது. அவன் எழுந்து விறுவிறுவென்று வெளியே போய்விட்டான்.

ஒன்றரை மணி நேரம் கழித்துத் திரும்பி வந்தான். கையில் தட்டையாக மடிந்த அட்டை. குப்பைக்குப் போடக் கட்டி வைத்திருந்த காகிதக் கட்டைப் பிரித்துத் தேடி எடுத்து வந்திருந்தான். மனைவியின் மடியில் அதைப் போட்டான்.

"படி."

அவள் முதலில் பின்பக்கத்தைப் பார்த்தாள். 'மூடி வைத்து முப்பது நிமிடம். திறந்து பதினைந்து நிமிடம்.' நம்பாமல் முன்பக்கம் திருப்பினாள். சிவப்பு வட்டத்துக்குள் கொட்டை எழுத்தில் அச்சடித்திருந்தது: 'நாற்பத்தைந்தே நிமிடத்தில் தயார்!'

அந்த எழுத்தையே மறுபடி மறுபடி படித்தாள். பிறகு கணவனை நிமிர்ந்து பார்த்தாள். அவன் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

"அண்ணி," என்று நாத்தனாரைக் கூப்பிட்டாள். அதே வராந்தா, அதே ஆட்கள். குரலை அவளும் தணிக்கவில்லை. "இவர் பண்ணதுல தப்பே இல்ல. போட்டிருந்தபடிதான் பண்ணியிருக்கார். தப்பு என் கம்பெனி மேல. தெரியாம வாய்க்கு வந்தபடி பேசினது நான். நீங்களும் பேசினீங்க. நாம ரெண்டு பேரும் இவர்கிட்ட மன்னிப்பு கேக்கணும்."

நாத்தனார் பெட்டியை வாங்கிப் படித்தாள். "சரிடா, விடு," என்றாள் தம்பியிடம். மன்னிப்பு என்ற சொல் அவள் வாயில் வரவில்லை. அவனும் எதிர்பார்க்கவில்லை. மனைவியிடம் மட்டும் சொன்னான்: "நாலு பேர் முன்னாடி பேசிட்டே. பேசினது பேசினதுதான்."

செவ்வாய்க்கிழமை காலை எட்டு மணிக்கெல்லாம் அவள் தொழிற்சாலையில் இருந்தாள். உடுப்புகூட மாற்றாமல் நேரே தரக் கட்டுப்பாட்டு மேனேஜரின் அறைக்குப் போனாள். அவருக்கும் ஒரு பட்டப்பெயர் உண்டு. மேலிடம் எதைச் சொன்னாலும் "ஓகே சார்" என்பவர் ஆகையால் ஓகே சார்.

அவள் பெட்டியை மேசை மேல் வைத்தாள். "எண்பது எப்படி நாற்பத்தஞ்சு ஆச்சு?"

ஓகே சார் பெட்டியைப் பார்த்தார், கதவைப் பார்த்தார், தேநீரைப் பார்த்தார். "உக்காருங்கம்மா."

"நிக்கறேன். சொல்லுங்க."

"சேல்ஸ்ல ஆட்சேபனை பண்ணாங்க. எண்பது நிமிஷம்னு போட்டா யாரும் கையில எடுக்க மாட்டாங்களாம். மத்த கம்பெனிக்காரன் அம்பதுன்னு போட்டிருக்கான். நம்மது அதுக்குக் கீழ வரணும்னாங்க..."

"அதுக்கு என்ன பண்ணணும்? உயரத்தைக் குறைக்கணும், இல்ல கோழியை இங்கயே முழுசா வேக வைக்கணும். எண்ணைக் குறைச்சா கோழி வெந்துடுமா?"

"ஏறக்குறைய வெந்துரும்னு நினைச்சோம்."

"யாரு நினைச்சது? ஊசி குத்திப் பாத்தீங்களா?"

அவர் இழுப்பறையைத் திறந்து ஒரு ஃபைலை எடுத்தார். "எதுக்கு சத்தம் போடறீங்க? உங்க அறிக்கைதானே இது. நீங்களே கையெழுத்துப் போட்டிருக்கீங்க பாருங்க."

அவள் பார்த்தாள். இரண்டாம் பக்கம் அவளுடையதுதான். அடியில் அவள் கையெழுத்து. முதல் பக்கம் மட்டும் புதியது. அதே எழுத்துரு, அதே தலைப்பு, ஆனால் எண்கள் வேறு. எண்பது இருந்த இடத்திலெல்லாம் நாற்பத்தைந்து. ஒரு தாளை உருவிவிட்டு இன்னொன்றைச் செருகியிருந்தார்கள், அவ்வளவுதான்.

அந்த நிமிடம் வரை அவளுக்கு இருந்தது கோபம்தான். இப்போது அது வேறு ஒன்றாக மாறியது. உச்சந்தலை வரை ஜிவ்வென்று ஏறியது. நாளைக்கு எவன் வீட்டிலாவது ஒரு பிள்ளை செத்தால் இந்தக் கையெழுத்துதான் முன்னால் போய் நிற்கும். நடுவில் எத்தனை டிகிரி என்று ஊரையே கேட்டுக்கொண்டு திரிந்தவளின் கையெழுத்து.

"இதை யாரு மாத்தினது?"

"அதெல்லாம் இப்ப எதுக்கும்மா..."

"என் மாமியார் ஆஸ்பத்திரியில கிடக்கறாங்க சார். இந்தப் பெட்டியைத் தின்னுட்டு."

ஓகே சாரின் முகத்தில் ஈயாடவில்லை. "எப்படி இருக்காங்க?" என்றார்.

"எத்தனை பெட்டி வெளிய போயிருக்கு?"

"பதினெட்டாயிரம் இருக்கும்."

"இன்னைக்கே கடைங்களுக்குச் சொல்லித் திரும்ப எடுங்க."

"நான் எப்படிம்மா முடிவு பண்றது? மேல சொல்லிப் பாக்கறேன். வியாழக்கிழமை ருசி பார்க்க எல்லாரும் வருவாங்கல்ல, அப்பப் பேசலாம்."

வியாழக்கிழமை என்றால் இன்னும் இரண்டு நாள். அதற்குள் எத்தனை வீட்டில் எத்தனை பேர் நடுத் துண்டைத் தின்பார்கள்? அவள் அன்றும் மறுநாளும் முதலாளியம்மாவைப் பார்க்க மூன்று முறை மேலே ஏறினாள். மூன்று முறையும் கூட்டத்தில் இருப்பதாகச் சொல்லிக் கீழே அனுப்பினார்கள்.

சரி, வியாழக்கிழமையே ஆகட்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டாள்.

வியாழன் பதினோரு மணிக்கு முதலாளியம்மா, விற்பனைத் தலைவர், ஓகே சார் மூவரும் பின்கட்டுச் சமையலறைக்கு வந்தார்கள். அன்றைக்குக் காளான் சூப்பு ருசி பார்ப்பதாக ஏற்பாடு. மேசை மேல் வெள்ளைத் துணி, தண்ணீர்க் குவளை, முள்கரண்டி எல்லாம் வழக்கம்போல் இருந்தன. சூப்பு இல்லை. மூன்று ஓவனிலிருந்தும் மூன்று லசானியாத் தட்டுகளை எடுத்து வரிசையாக வைத்தாள். முந்தின நாள் மூன்று வெவ்வேறு கடைகளில் அவளே வாங்கியவை. பக்கத்திலேயே மூன்று பெட்டிகள், பின்பக்கம் தெரியும்படி.

"சூப்பு எங்க?" என்றார் விற்பனைத் தலைவர்.

"அதுக்கு முன்னாடி இது. நாம வித்துக்கிட்டிருக்கற சாமான். பெட்டியில என்ன போட்டிருக்கோ அதே மாதிரி சமைச்சிருக்கேன். ஒரு நிமிஷம் கூடவும் இல்ல, குறையவும் இல்ல."

ஓகே சார் மேல்கூரையைப் பார்க்க ஆரம்பித்தார்.

அவள் ஒவ்வொரு தட்டின் நடுவிலிருந்தும் ஒரு துண்டு வெட்டி மூன்று பேருக்கும் வைத்தாள். முதல் தட்டில் கத்தி இறங்கும்போதே நறநறவென்று பனி உடைகிற சத்தம் கேட்டது. பழைய ஓவனில் வைத்த தட்டு அது. விற்பனைத் தலைவர் கெட்டிக்காரர். தன் தட்டை ஒதுக்கி வைத்துவிட்டுப் பெரிய தட்டின் ஓரத்திலிருந்து ஒரு விள்ளல் எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

"பிரமாதமா இருக்கே! இதுல என்ன குறை?"

"ஓரத்தை நாய்க்குப் போட்டாகூட ஒண்ணும் ஆகாது சார். உங்களுக்கு வெச்சது நடுத் துண்டு. அதைச் சாப்பிடுங்க."

"எனக்குக் காலையில இருந்து வயிறு கொஞ்சம்..."

"ஏன், இனிமேதானே வயிறு கெடணும்?"

முதலாளியம்மா நிமிர்ந்தாள். "என்ன பேச்சு இது?" அவளுக்குக் கோபம் வந்திருந்தாலும் கையிலிருந்த முள்கரண்டி துண்டின் மேல் இறங்காமல் அப்படியே நின்றது. துண்டின் நடுவில் கோழி இளஞ்சிவப்பாகப் பளபளத்தது.

அவள் வெப்பமானியை எடுத்து முதலாளியம்மாவிடம் நீட்டினாள். "நீங்களே குத்திப் பாருங்க மேடம். நான் குத்தினா நான் ஏதோ பண்ணிட்டேன்னு சொல்லுவாங்க."

முதலாளியம்மா குத்தினாள். எண் இறங்கியது, இரண்டில் நின்றது. இரண்டாவது தட்டில் இருபத்தொன்பது. புது ஓவன் தட்டில் நாற்பத்தி மூன்று.

"எழுபத்தஞ்சு வரணும்," என்றாள் அவள். "என் வீட்டுக்காரர் இதே மாதிரி படிச்சுப் பாத்துச் சமைச்சு அவங்க அம்மாவுக்குக் குடுத்தார். நாலு நாளா ஆஸ்பத்திரியில டிரிப்ஸ் ஏறுது. நான் குறிச்சுக் குடுத்தது எண்பது. என் கையெழுத்துக்கு மேல இருந்த தாளை உருவிட்டு வேற தாளை வெச்சிருக்காங்க."

பழைய ஓவனின் விசிறி மட்டும் கடகடவென்று ஓடிக்கொண்டிருந்தது.

"இது உங்களுக்குத் தெரியுமா?" என்று முதலாளியம்மா ஓகே சாரைக் கேட்டாள். வாழ்க்கையில் முதல்முறையாக அவருக்கு ஓகே என்ற சொல் உதவவில்லை. விற்பனைத் தலைவரைப் பார்த்தார். அவரோ கைபேசியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

முதலாளியம்மா ஒரு முடிவுக்கு வந்தவள்போல் முள்கரண்டியைக் கீழே வைத்தாள். "சரி. கிடங்குல இருக்கற பெட்டிங்க மேல எல்லாம் ஸ்டிக்கர் ஒட்டுங்க. எண்பதுன்னு. அடுத்த அச்சுல மாத்திக்கலாம்."

"கடையில இருக்கறது?"

"அதைத் திருப்பி எடுத்தா பேர் கெட்டுடும். தானா வித்துப் போயிடும்."

"வித்துப் போயி எங்க மேடம் போகும்? யாராவது வயித்துக்குள்ளதானே போகும்?"

"நீங்க உணர்ச்சிவசப்பட்டிருக்கீங்க. ரெண்டு நாள் லீவு எடுத்துக்கங்க. ஆஸ்பத்திரிச் செலவைக் கம்பெனி பாத்துக்கும்."

அதுதான் அவளால் தாங்க முடியாத சொல்லாக இருந்தது. ஒரு தட்டு உடைந்தால் அதற்குப் பதில் இன்னொரு தட்டு வாங்கித் தருகிற மாதிரி. ஏப்ரனைக் கழற்றினாள், மேசை மேல் எறிந்தாள். லசானியா சாஸ் தெறித்து விற்பனைத் தலைவரின் வெள்ளைச் சட்டையில் விழுந்தது. வேண்டுமென்று செய்யவில்லை, ஆனால் மன்னிப்பும் கேட்கவில்லை.

"லீவுதானே? எடுத்துக்கறேன்," என்று சொல்லி, அலமாரியிலிருந்து தன் குறிப்பேட்டை எடுத்துப் பையில் போட்டுக்கொண்டு நடந்தாள். மூன்று வாரச் சோதனையும் ஐந்து நிமிடத்துக்கு ஒரு எண்ணாக, தேதியோடு, அவள் கையெழுத்தில் அதில் இருந்தது.

உணவுப் பாதுகாப்பு அலுவலகம் பேருந்தில் அரை மணி தூரம். ஒரு மணி வரிசையில் நின்றாள். கடைசியில் ஒரு இளம் பெண் அதிகாரி குறிப்பேட்டைப் புரட்டிப் பார்த்தாள், பெட்டியைப் பார்த்தாள், ஆஸ்பத்திரிச் சீட்டைப் பார்த்தாள். அவசரமே இல்லாத முகம். இங்கேயும் ஸ்டிக்கர் ஒட்டத்தான் சொல்வார்களோ என்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"பேரைப் போடாமலும் புகார் குடுக்கலாம்," என்றாள் அதிகாரி. "ஆனா இந்த நோட்டு உங்க எழுத்து. யாருன்னு அவங்களுக்குத் தெரிஞ்சுடும். வேலை போகலாம்."

"என் கையெழுத்தை எங்கயோ ஒட்டவெச்சு ஊரை ஏமாத்தியிருக்காங்க. இங்க நானே போடறேன். எங்கன்னு காட்டுங்க."

அதிகாரி முதல்முறையாக நிமிர்ந்து அவளைப் பார்த்தாள். பிறகு தொலைபேசியை எடுத்தாள். அவசரம் முகத்தில்தான் இல்லை, வேலையில் இருந்தது. மறுநாள் காலை தொழிற்சாலைக்கு ஆட்கள் வந்து கோப்புகளை எடுத்துக்கொண்டு போனார்கள். சனிக்கிழமைக்குள் கடைகளின் அலமாரிகளிலிருந்து சிவப்பு வட்டம் போட்ட பெட்டிகள் காணாமல் போயின. வாங்கியவர்கள் சாப்பிட வேண்டாம் என்று கடை வாசல்களில் அறிவிப்பு ஒட்டினார்கள்.

விசாரித்ததில் அந்த மாதம் இன்னும் பதினாலு பேர் அதே சாப்பாட்டால் படுத்திருந்தது தெரியவந்தது. அதில் ஒன்று நாலு வயதுக் குழந்தை. ஒன்பது நாள் ஆஸ்பத்திரியில் இருந்து பிழைத்தது. அந்தக் குழந்தையின் அப்பாவையும் குடும்பத்தில் எல்லோரும், "சமைக்கத் தெரியாம சமைச்சுட்டான்" என்றுதான் பேசியிருக்கிறார்கள். அதைக் கேள்விப்பட்ட அன்றைக்கு அவளால் சாப்பிட முடியவில்லை.

மாமியார் எட்டாம் நாள் வீட்டுக்கு வந்தாள். பாதி உடம்பாகியிருந்தாள், வாய் மட்டும் முழுசாகத் திரும்பியிருந்தது. "பதினெட்டாயிரம் பெட்டியில எனக்குன்னு ஒண்ணு வந்துதே! லாட்டரியில இந்த அதிர்ஷ்டம் வராது," என்றாள். பிறகு மருமகளைப் பக்கத்தில் உட்காரச் சொன்னாள். "அந்த வெள்ளைச் சட்டைக்காரன் சட்டையில சாஸ் பட்டுதாமே, போச்சா கறை?"

"போகாது அத்தை. தக்காளி."

"நல்லது," என்றாள் மாமியார்.

தாளை மாற்றி வைத்தவர் ஓகே சார்தான் என்று விசாரணையில் முடிவானது. அவர் வேலை போயிற்று. மாற்றச் சொன்னது யார் என்பதற்குத் தாளில் சாட்சி இல்லை. எல்லாம் வாய்ப்பேச்சு. விற்பனைத் தலைவர் அதே நாற்காலியில் அதே மாதிரி உட்கார்ந்திருந்தார், வேறு சட்டையில்.

ஒரு மாதம் கழித்து முதலாளியம்மா அவளைக் கூப்பிட்டு அனுப்பினாள். இந்த முறை கூட்டம் எதுவும் குறுக்கே வரவில்லை. தரக் கட்டுப்பாட்டு மேனேஜர் பதவியை எடுத்துக்கொள்ளச் சொன்னாள்.

"விற்பனைத் தலைவர்?"

"அவர் இருப்பார். அவர் மேல எதுவும் நிரூபணம் ஆகலை."

மூஞ்சியில் அடித்த மாதிரி வேண்டாம் என்று சொல்லிவிட்டு வரத்தான் அவள் நினைத்தாள். வாயில் வார்த்தை தயாராகவே இருந்தது. ஆனால் தான் வேண்டாம் என்றால் அந்த நாற்காலிக்கு இன்னொரு ஓகே சார் வருவான் என்று தோன்றியது. "அச்சுக்குப் போற ஒவ்வொரு பெட்டியையும் கடைசியா நான் பாப்பேன். நான் பாக்காம ஒரு அட்டைகூட வெளிய போகாது. அதை எழுதிக் குடுங்க," என்றாள். இரண்டு பக்கமாகத் தட்டச்சு செய்து வந்தது. இரண்டு பக்கத்திலும் கையெழுத்து வாங்கிக்கொண்டாள்.

விற்பனைத் தலைவரோடு வேலை விஷயம் தவிர வேறு பேச்சு இல்லை. அவர் "குட் மார்னிங்" சொன்னால் காதில் விழாதது போல் போய்விடுவாள்.

வீட்டில் கணவன் வழக்கம்போலத்தான் இருந்தான். சிரிப்பான், கடைக்குப் போவான், அம்மாவுக்கு மாத்திரை எடுத்துக் கொடுப்பான். அடுப்புப் பக்கம் மட்டும் வரவில்லை. ஒரு விடுமுறை நாள் காலை அவள் வெங்காயம் நறுக்கிக்கொண்டே கேட்டாள்.

"இன்னும் கோபமா?"

அவன் செய்தித்தாளை மடித்தான். "கம்பெனி மேல இருந்தது போயிடுச்சு. அக்கா மேல இருந்ததும் போயிடுச்சு. அவ எப்பவும் அப்படித்தான். உன் மேலதான் இன்னும் போகலை. என்னைப் பத்தி எல்லாம் தெரிஞ்சவ நீ. பெட்டியைப் பாக்காமலே முடிவு பண்ணிட்டியே."

அவளுக்குக் கண் எரிந்தது. "எனக்கும் என் மேல போகலை," என்றாள்.

"சரி, இருக்கட்டும். ரெண்டு பேருக்கும் போறப்பப் போகட்டும்."

அவன் எழுந்து வந்து, அவள் கையிலிருந்த கத்தியை வாங்கி மீதி வெங்காயத்தை நறுக்க ஆரம்பித்தான். துண்டுகள் பெரிது பெரிதாக விழுந்தன. அவள் அவற்றை அப்படியே அள்ளி வாணலியில் போட்டாள்.